முப்பத்தெட்டு மீட்டர் பொலிவியா

எங்கள் நாட்டுக்கும் சிலிக்கும் 1978லிருந்து பேச்சுவார்த்தை இல்லை. லா பாஸில் அவர்களுடைய தூதர் கிடையாது, சாந்தியாகோவில் எங்களுடையவர் கிடையாது. பழைய போரில் எங்கள் கடற்கரையை அவர்கள் எடுத்துக்கொண்டார்கள். நாங்கள் கேட்டுக்கொண்டே இருக்கிறோம், அவர்கள் காதில் போட்டுக்கொள்வதில்லை. சுத்தமான பங்காளிச் சண்டை. ஆனால் பங்காளிகள் எவ்வளவு முறைத்துக்கொண்டாலும் நடுவேலி சாய்ந்தால் இரண்டு வீட்டிலிருந்தும் ஆள் வந்துதான் நிமிர்த்த வேண்டும். அந்த ஆள்களில் ஒருவன் நான். ரெமிஹியோ அலனோக்கா, நில அளவை இன்ஜினியர், ஓருரோ நகரத்துக்காரன்.

கூட்டு எல்லைக் கமிஷன் என்று கேட்பதற்குப் பெரிதாக இருக்கும். வேலை என்னவோ இவ்வளவுதான்: வருஷத்துக்கு ஒருமுறை ஆகஸ்டில் மலைக்கு மேலே போய், எல்லை நெடுக நட்டிருக்கும் இரும்புக் கூம்புகளின் துருவைச் சுரண்டி வர்ணம் அடிப்பது, பிறகு இரண்டு தரப்பும் ஒரு குறிப்பில் கையெழுத்திடுவது. குறிப்புக்கு இரண்டு பிரதி. எங்கள் பிரதியில் பொலிவியாவின் பெயர் முதலில் வரும், அவர்கள் பிரதியில் சிலியின் பெயர். கையெழுத்தும் அதே வரிசையில்தான். இதில் ஏதாவது இடம் மாறிவிட்டால் மலையே அந்தப் பக்கம் சாய்ந்துவிடும் என்கிற மாதிரி இரண்டு அமைச்சகங்களும் கவனமாக இருக்கும்.

எதிர்த்தரப்பு இன்ஜினியர் கஸ்தோன் ஒயார்சூன். தெற்கே, வருஷம் முழுக்க மழை பெய்யும் ஒரு தீவில் பிறந்தவன். பத்தொன்பது வருஷமாக அவனும் நானும்தான். கூடப்பிறந்த தம்பியோடுகூட நான் இத்தனை நாள் தோளுக்குத் தோள் நின்றதில்லை. ஒவ்வொரு வருஷமும் தவறாமல் டின் மீன் கொண்டுவருவான்.

"இந்தா, உன் கடல் வந்திருக்கு. மூடியைத் திறந்து ஆசை தீரப் பாத்துக்கோ" என்பான்.

"சிரி, சிரி. எங்களுக்கும் கடற்படை இருக்கு, தெரியுமில்ல?"

"தெரியாம என்ன? ஏரியில ஓட்டுறீங்களே. வாத்தெல்லாம் சல்யூட் அடிக்குதாமே."

இதற்கு நான் ஏதாவது சொல்ல, அவன் ஏதாவது சொல்ல, வேலை பாட்டுக்கு வேலை நடக்கும்.

நான் சொல்ல வருவது 2015ஆம் வருஷத்துக் கதை. எங்கள் அரசாங்கம் கடல் விஷயமாக ஹேக்கிலுள்ள சர்வதேச நீதிமன்றம் ஏறியிருந்த சமயம். கிளம்புவதற்கு முன்னால் மேலதிகாரி கூப்பிட்டு அனுப்பினார். சேர்ந்து சாப்பிடக் கூடாது, சேர்ந்து போட்டோ எடுக்கக் கூடாது, கட்டிப்பிடிப்பதெல்லாம் அறவே கூடாது. எதிலாவது துளி சந்தேகம் வந்தால் கையெழுத்துப் போடாமல் திரும்பிவிட வேண்டும். கஸ்தோனின் அதிகாரியும் ஏறக்குறைய இதே வார்த்தைகளைச் சொல்லித்தான் அவனை அனுப்பியிருந்தார். ஹேக்கில் சண்டை போட்டுக்கொண்டிருந்த இரண்டு அரசாங்கங்களுக்கும் இதிலே மட்டும் அப்படி ஒரு ஒற்றுமை.

எங்கள் பக்கத்து வழக்கம், வெளியில் சாப்பிட உட்கார்ந்தால் ஒரே துணியை விரித்து, அவரவர் கொண்டுவந்ததை அதில் கொட்டிவிடுவோம். யாருடைய உருளைக்கிழங்கு, யாருடைய பாலாடைக்கட்டி என்று கேள்வியே கிடையாது. அந்த வருஷம் உத்தரவுக்குப் பயந்து இரண்டு துணி விரித்தோம், நடுவில் நாலு விரல் இடைவெளி. முதல் காற்றுக்கே இரண்டும் ஒன்றின்மேல் ஒன்று ஏறிக்கொண்டன. யாரும் எழுந்து சரிசெய்யவில்லை.

மூன்றாம் நாள் முற்பகலில் நாற்பத்தேழாம் கூம்புக்குப் போனோம். விழுந்து கிடந்தது. விளக்கை அணைத்துக்கொண்டு எல்லை தாண்டும் கடத்தல் லாரி ஏதோ இடித்துத் தள்ளியிருக்கிறது. அடிமேடை சிமெண்ட் நாலாகப் பிளந்திருந்தது. பக்கத்தில், அந்த இரும்புக்கே சொந்தக்காரி மாதிரி, சத்துர்நினா அக்கா ஒரு கல்மேல் உட்கார்ந்திருந்தாள்.

அவளை எனக்கு வருஷத்துக்கு ஒருநாள் பழக்கம். ஐம்பது வயசுக்காரி, கணவன் இல்லை, மகள்கள் நகரத்தில். எங்கள் பக்கத்துச் சரிவில் கூப்பிடு தூரத்தில் அவள் வீடு. வீட்டுக்கும் கூம்புக்கும் நடுவில் கல்லடுக்கிய பட்டி, பட்டியை ஒட்டி ஒரு ஊற்று. கம்பளிக்கும் சுமைக்கும் வளர்க்கிற அறுபத்திரண்டு லாமாக்கள் அவளுக்கு. அவள் சொத்து, சம்பாத்தியம் எல்லாம் அதுதான்.

"வந்துட்டீங்களா? மூணு வாரமா இந்த இரும்புக்குக் காவல் காக்குறேன். சம்பளம் யாரு குடுப்பா, லா பாஸா, சாந்தியாகோவா?" என்றாள்.

"உக்காந்த இடத்துல என்னக்கா சம்பளம்?" என்றேன்.

"நீயும்தான் உக்காந்த இடத்துல வாங்குற. நான் கேட்டேனா?"

கஸ்தோன் வாய்விட்டுச் சிரித்தான். அவள் சிரிக்கவில்லை.

"போன வாரம் அந்தப் பக்கத்து ரோந்துக்காரங்க வந்தாங்க. கூம்பு இல்லாததால மெஷின்ல பாத்தாங்களாம். ஊத்து எங்க பக்கம்தான்னு மெஷின் சொல்லுதுன்னாங்க. ரெண்டு இன்ஜினியரும் வரட்டும், கூம்பு பழைய இடத்துலயே நின்னா எங்களுக்கொண்ணும் இல்ல. நிக்கலைன்னா, அப்புறம் இந்தத் தண்ணியில வாய் வைக்கிற லாமா எல்லாம் கடத்தல் சரக்குதான்னு சொல்லிட்டுப் போயிட்டாங்க."

அதற்கு மேல் அவள் விளக்க வேண்டியதில்லை. அந்தப் பக்கத்தில் கோமாரி நோய்க்கு அப்படிப் பயப்படுவார்கள். அனுமதியில்லாமல் எல்லை தாண்டிய கால்நடையைத் திருப்பி அனுப்பும் பேச்சே இல்லை, அடித்துப் புதைத்துவிடுவார்கள். சட்டம் அப்படி. ஆகஸ்டிலோ அந்த வட்டாரத்தில் வேறு தண்ணீர் கிடையாது.

"கவலைப்படாதீங்க சென்யோரா. விழுந்ததை நிமித்தத்தானே வந்திருக்கோம்" என்றான் கஸ்தோன்.

வேலையாள்களையும் அவனுடைய சிப்பாய்கள் இரண்டு பேரையும் வர்ணத்தோடு அடுத்த கூம்புக்கு அனுப்பிவிட்டு, அவன் மண்வெட்டியை எடுத்தான்.

"எதுக்கு?" என்றேன்.

"சாட்சியைப் பாத்துடுவோம். மேடை இவ்வளவு ஒடைஞ்சிருக்கு, அப்படியே சிமெண்ட் பூசினா நாளைக்கு எவனாவது கேள்வி கேப்பான்."

சாட்சி என்பது ஒரு பாட்டில். எல்லைக்கூம்புகளை முதலில் நட்டவர்கள் ஒவ்வொன்றின் அடியிலும் ஒரு பாட்டிலைப் புதைத்திருந்தார்கள். உள்ளே இரண்டு நாட்டுக்காரர்களும் கையெழுத்துப் போட்ட ஒரு சீட்டு, வெளியே சுற்றிலும் அடுப்புக்கரி. கரி மக்காது. கூம்பு காணாமலே போனாலும் கரியைப் பார்த்து இடத்தைக் கண்டுபிடித்துவிடலாம்.

அங்கே பாட்டில் இருக்காது என்பது எனக்குத் தெரியும்.

கஸ்தோன் முழங்கால் ஆழத்துக்குத் தோண்டினான். கரி வரவில்லை. கைக்கடக்கமான கற்கள், கொக்கா இலையின் காம்புகள், சாராய பாட்டிலின் கழுத்து, ஒரு செல்லாக் காசு, இவைதான் வந்தன. காசைத் துடைத்துப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தான். நான் ஊற்றைப் பார்த்தேன். அவன் ஜீப்பிலிருந்து செயற்கைக்கோள் கருவியை எடுத்துக்கொண்டு, பழைய ஒப்பந்தத்தில் இருக்கும் எண்களைப் போட்டு, கிழக்கே நடந்தான். ஊற்றைத் தாண்டினான். பட்டியின் சுவரை ஒட்டி நின்றான். அங்கே தோண்டத் தொடங்கினான்.

சத்துர்நினா அக்கா எழுந்து நின்றுவிட்டாள். "இவரு ஏன் என் பட்டிகிட்ட தோண்டுறாரு?" என்றாள்.

கால் மணி நேரத்தில் மண் கறுப்பாக வந்தது. பிறகு அவன் மண்டியிட்டுக் கையாலேயே தோண்டி, பச்சைக் கண்ணாடி பாட்டில் ஒன்றை வெளியே எடுத்தான். அரக்கு வைத்த வாய் அப்படியே இருந்தது. வெயிலில் தூக்கிப் பிடித்தால் உள்ளே சுருட்டிய காகிதம் தெரிந்தது. நாடாவைப் பிடித்து அளந்தோம். விழுந்த கூம்புக்கும் இதற்கும் முப்பத்தெட்டு மீட்டர். உண்மையான எல்லை பட்டிச் சுவர். ஊற்று சிலியில் இருந்தது.

"எப்படி இது?" என்றான். "தொண்ணூத்தாறுல நாம ரெண்டு பேரும்தானே இதை நட்டோம்? பழைய அடித்தளத்துமேலேயேதானே நட்டோம்?"

அப்போது சொல்லாமல் விட்டால் இனி எப்போதும் சொல்ல மாட்டேன் என்று தோன்றியது. சொன்னேன்.

தொண்ணூற்றாறில்தான் நாங்கள் இருவரும் வேலைக்குப் புதிது. அந்த வருஷம் உறைபனி தூக்கியடித்து நாற்பத்தேழாம் கூம்பு சரிந்து, சரிவில் உருண்டு கிடந்தது. நாங்கள் வந்து சேர்ந்தபோது பனித்தூளை வாரியடிக்கும் வெண்காற்று வீசிக்கொண்டிருந்தது, பத்தடிக்கு அப்பால் ஒன்றும் தெரியவில்லை. அடித்தளத்தைத் தேடினோம். பனிக்கு நடுவே ஒரு கற்குவியல் தென்பட்டது. "இதுவா?" என்று கஸ்தோன் கத்திக் கேட்டான். அவன் தெற்கத்தியான், அவனுக்கு எல்லாக் கல்லும் கல்தான். நான் பார்த்தவுடனே தெரிந்துகொண்டேன். அது வழிநடைக்காரர்களின் கற்குவியல். மேட்டைக் கடக்கும் எங்கள் ஜனங்கள் ஆளுக்கொரு கல் வைத்து, மென்ற கொக்கா இலையை வைத்து, மலைக்கு ஒரு வாய் சாராயம் ஊற்றிவிட்டுப் போகிற இடம். என் அம்மா கையைப் பிடித்துக்கொண்டு நானே இப்படிப் பத்துக் குவியலில் கல் வைத்திருக்கிறேன். ஆனால் விரல்கள் செத்துப்போயிருந்தன, காது விண்விண் என்றது, ஜீப்பில் சூடாகக் காப்பி இருந்தது. "இதுதான்" என்று கத்தினேன். நட்டோம். 'கூம்பு அதன் பழைய இடத்திலேயே மீண்டும் நிறுவப்பட்டது' என்று குறிப்பெழுதி இரண்டு பிரதியிலும் கையெழுத்திட்டோம்.

நாட்டுப்பற்றினால் செய்தேன் என்றால் யாராவது என்னைப் பாராட்டக்கூடும். குளிருக்காகச் செய்தேன். நானூறு கிலோமீட்டர் கடற்கரையை இழந்த நாட்டுக்கு, ஒரு டம்ளர் காப்பிக்காக நான் முப்பத்தெட்டு மீட்டர் மீட்டுக் கொடுத்திருந்தேன்.

கஸ்தோன் முகம் சிவந்தது.

"தெரிஞ்சேவா சொன்ன?"

"தெரிஞ்சேதான்."

"பத்தொன்பது வருஷம். வருஷா வருஷம் நாம இங்க வந்து இதுக்கு வர்ணம் அடிச்சிருக்கோம். நீ பிரஷ்ஷைப் பிடிச்சுக்கிட்டு என் பக்கத்துல நின்னு பாட்டுப் பாடியிருக்க. அப்பக்கூடச் சொல்ல வாய் வரலையா?"

"ஒவ்வொரு வருஷமும் நினைப்பேன். அடுத்த வருஷம் சொல்லலாம்னு விட்டுடுவேன்."

"உங்க ஊர்ல எங்களைத் திருடன்னு சொல்றீங்க" என்றான். அந்தப் பேச்சை அவன் வேடிக்கைக்காகச் சொல்லாதது அன்று ஒருநாள்தான். எனக்குச் சுருக்கென்றது. அவன் பாட்டிலை எடுத்துக்கொண்டு ஜீப்புக்குப் போய், கதவைச் சாத்திக்கொண்டு எழுத உட்கார்ந்தான். கண்ணாடி வழியாகவே தலைப்பைப் படிக்க முடிந்தது. 'இட ஐயம். கூம்பு நிறுவப்படவில்லை.' அவன் செய்தது முழுக்கச் சரி. அவன் உத்தரவு அதுதான், என் உத்தரவும் அதுதான்.

சத்துர்நினா அக்கா என் முன்னால் வந்து நின்றாள். "எனக்குப் புரியுற மாதிரி சொல்லு. கூம்பு நிக்குமா, நிக்காதா?"

அவளிடமும் சொன்னேன். முழுக்கக் கேட்டுக்கொண்டாள். நான் எதிர்பார்த்த அழுகையும் இல்லை, சாபமும் இல்லை.

"நீ கூம்பை நடுறதுக்கு முன்னாடி எங்களுக்கு மேற்கால இடமே இல்ல" என்றாள். "கீழண்டை சரிவுல ஒரு கிணறு இருந்துச்சு. கயித்தை இழுத்து இழுத்து என் புருஷனுக்குத் தோள்பட்டையே போச்சு. நீ கூம்பை நட்ட மறுவாரம் அந்த மனுஷன் வந்து, ஊத்து நம்ம பக்கம் வந்துடுச்சுடி, ரெண்டு அரசாங்கமும் கையெழுத்துப் போட்டுட்டாங்கன்னு சொல்லி, அந்தக் கிணத்தைக் கல்லைப் போட்டு மூடினாரு. பட்டியை இங்க கட்டினாரு. நாங்க உன் கூம்பை நம்பினோம். கூம்பு பொய் சொல்லும்னு எங்களுக்குத் தெரியுமா?"

"என் தப்புதான்க்கா."

"உன் தப்புதான். நான் இல்லைன்னு சொன்னேனா?"

அவள் நேரே ஜீப்புக்குப் போய்க் கண்ணாடியைத் தட்டினாள். கஸ்தோன் இறக்கினான்.

"ஐயா, தப்பு இவன் பண்ணினான். இவனை என்ன வேணும்னாலும் பண்ணுங்க. நான் குறுக்க வரமாட்டேன்" என்றாள். "சாகப்போறது என் லாமாங்கதானே. அதுங்க எதுல கையெழுத்துப் போட்டுச்சு?"

பதிலுக்கு நிற்காமல் பட்டிக்குப் போய்ப் படலைத் திறந்தாள். அது அவை தண்ணீர் குடிக்கும் நேரம். அறுபத்திரண்டும் வரிசையாக, அவசரம் இல்லாமல், காதில் கட்டிய சிவப்பு நூல் காற்றில் ஆட, உண்மையான எல்லையைத் தாண்டிப் போய் ஊற்றில் வாய் வைத்தன. கஸ்தோன் பேனாவைப் பிடித்தபடி பார்த்துக்கொண்டிருந்தான். ஒரு குட்டி தாயின் காலுக்கடியில் நுழைந்து இடம் பிடித்துக் குடித்தது. குடித்து முடிக்க அரை மணி நேரம் ஆனது. அந்த அரை மணியும் அவன் எழுதவில்லை.

பிறகு இறங்கி வந்து என் பக்கத்தில் நின்றான். என் முகத்தைப் பார்க்கவில்லை.

"அன்னைக்கு நீ இதுதான்னு கத்தினப்போ நான் குனிஞ்சுகூடப் பாக்கல" என்றான். "பாத்திருந்தா இலை தெரிஞ்சிருக்கும், காசு தெரிஞ்சிருக்கும். அடித்தளத்துக்கு அளவு எடுக்கணும்னு எனக்கும் தெரியும். எனக்கும் குளிருதுல்ல? நீ ஜீப்பையே காட்டி இதுதான் அடித்தளம்னு சொல்லியிருந்தாலும் கையெழுத்துப் போட்டிருப்பேன்."

"நீ தெரியாம போட்ட. நான் தெரிஞ்சு போட்டேன்."

"என் கையெழுத்தும் அதுல இருக்கு. தெரியாதுன்னு சொல்றதுக்கா எனக்கு சம்பளம்?"

எழுதிக்கொண்டிருந்த தாளைக் கிழித்து நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டான். வேறு தாள் எடுத்தான். கூம்பை இடம் மாற்றுவதற்குத்தான் அமைச்சகங்கள் வரை போக வேண்டும். விழுந்த கூம்பை நின்ற இடத்திலேயே நிமிர்த்துவது பராமரிப்பு வேலை. அதற்கு எங்கள் இரண்டு கையெழுத்து போதும். 'வாகனம் மோதியதால் சேதமடைந்த நாற்பத்தேழாம் கூம்பு பழுது பார்க்கப்பட்டது' என்று எழுதினான். பழைய இடம் என்ற சொல்லை அவனும் எழுதவில்லை, நானும் கேட்கவில்லை. இரண்டு பிரதி எடுத்தோம். எங்களதில் நான் முதலில் போட்டேன், அவர்களதில் அவன்.

பிற்பகலில் ஆள்கள் திரும்பி வந்ததும் சிமெண்ட் குழைத்து, கயிறு கட்டி, கூம்பை அந்த வழிநடைக்காரர்களின் கற்கள்மேலேயே நிமிர்த்தினோம். பட்டியோரத்துக் குழியை நானே மூடினேன். சத்துர்நினா அக்கா கூம்பைச் சுற்றி வந்து, ஒருமுறை தள்ளிப் பார்த்தாள். "இந்தத் தடவையாவது சாயாம வெச்சீங்களா?" என்று மட்டும் கேட்டுவிட்டு லாமாக்களை ஓட்டிக்கொண்டு போனாள். நன்றி என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் என்னால் தாங்கியிருக்க முடியாது.

கிளம்பும் நேரம் கஸ்தோன் என்னை ஜீப்புக்குப் பின்னால் கூப்பிட்டான். துண்டில் சுற்றிய பாட்டில் அவன் கையில் இருந்தது. உடைத்துவிடப் போகிறான் என்று நினைத்தேன். நானாக இருந்தால் உடைத்திருப்பேன்.

"ஒடைக்க மனசு வரல. அதுலயும் ரெண்டு பேரு கையெழுத்துப் போட்டிருக்காங்க. அவங்க குளிர்ல நின்னு சரியா அளந்திருக்காங்க" என்றான். "நீ எடுத்துட்டுப் போ."

"நானா? இது உங்க நிலத்துக்கான சாட்சிடா. வெளிய தெரிஞ்சா உன் வேலை போயிடும்."

"அதனாலதான் குடுக்குறேன். என் வீட்டுல இருந்தா இன்னைக்கு இல்லைன்னாலும் ஒருநாள் தூக்கம் வராம அமைச்சகத்துல கொண்டுபோய்க் குடுத்துடுவேன். என்னைப்பத்தி எனக்குத் தெரியும். நீ குடுக்கமாட்ட. பத்தொன்பது வருஷம் வாயைத் திறக்காதவன் நீ."

அதில் குத்தல் இருந்ததா என்று நான் அவன் முகத்தில் தேடினேன். இல்லை. ஒரு பெட்டியைப் பத்திரமான ஆளிடம் ஒப்படைக்கிறவனின் முகமாகத்தான் இருந்தது. வாங்கிக்கொண்டேன். அவனைக் கட்டிப்பிடித்துக்கொண்டேன். அவன் சிப்பாய்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள், பார்க்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

கடல் வழக்கில் நாங்கள் தோற்றோம். இரண்டு பக்கமும் எத்தனையோ அமைச்சர்கள் மாறிவிட்டார்கள், தூதர்கள் இன்னும் வரவில்லை. கஸ்தோன் ஓய்வு பெற்றுத் தன் மழைத்தீவுக்குப் போய்விட்டான். பாட்டில் என் அலமாரியில், கம்பளிகளுக்கு அடியில் இருக்கிறது. மனைவிக்குக்கூடத் தெரியாது. வாழ்க்கையில் எவ்வளவோ பேர் என் நேர்மையை நம்பியிருக்கிறார்கள், அதில் பாதிப் பேரை நான் ஏமாற்றியிருக்கிறேன். என் திருட்டுத்தனத்தை நம்பி ஒரு பொருளைக் கொடுத்தவன் அந்தச் சிலிக்காரன் ஒருவன்தான். அவனை மட்டும் நான் ஏமாற்றமாட்டேன்.